பதவி உயர்வு வழக்கு: ஊழியருக்கு 6 மாதம், அரசுக்கு எத்தனை வருடம்?

பி.எஸ்.சதாசிவசாமி எதிர் தமிழ்நாடு அரசு. 1974-இல் உச்ச நீதிமன்றம் முடித்துவைத்த இந்த வழக்கின் பெயர், ஊழியர்களின் பணி விவகாரங்களைப் பார்க்கும் எஸ்டாபிளிஷ்மென்ட் செக்‌ஷனில் உட்கார்ந்து கோப்பு பார்த்தவர்களுக்கு நன்றாகவே தெரியும். விதியைத் தளர்த்தி சதாசிவசாமியின் ஜூனியருக்கு 1957-இல் பதவி உயர்வு கொடுத்துவிட்டார்கள், அவர் நீதிமன்றத்துக்கு வந்தது 1971-இல். 14 வருடம் கழித்து வந்து கலைக்க முடியாது, ஜூனியரை மேலே ஏற்றிவிட்டார்கள் என்று குறை இருந்தால் 6 மாதத்துக்குள், மிஞ்சிப்போனால் ஒரு வருடத்துக்குள் வந்திருக்க வேண்டும் என்று நீதிமன்றம் சொல்லிவிட்டது.

அரசு அலுவலகத்தில் நான் இருந்த காலத்தில், பதவி உயர்வு சம்பந்தமாக ரிட் மனு ஒன்று வந்தால், மனுவின் ஒவ்வொரு பத்திக்கும் பதில் சொல்லும் பத்திவாரிக் குறிப்புரை எழுத உட்காரும்போதே இந்தத் தீர்ப்பைத் தேடி எடுத்து வைத்துக்கொள்வோம். மனுதாரர் எந்தத் தேதியில் ஆட்சேபணை கொடுத்தார், எந்தத் தேதியில் வழக்குப் போட்டார், நடுவில் ஒரு வருடம் தாண்டியிருக்கிறதா? தாண்டியிருந்தால் கவுண்டரில், அதாவது அரசின் பதில் மனுவில், அதுதான் முதல் பத்தி. மனுவில் சொன்ன விஷயம் சரியா தவறா என்பதெல்லாம் அப்புறம்தான்.

நியாயமான விதிதான். ஒருவர் பதவி உயர்வு பெற்று, அந்தப் பதவியில் பத்து வருடம் வேலை பார்த்து, அதை நம்பி வீட்டுக் கடன் வாங்கி, பிள்ளைகளைப் படிக்கவைத்த பிறகு, நீ கீழே இறங்கு என்று சொன்னால் அது அவருக்கு அநியாயம். ஆனால் இந்தக் கடிகாரம் ஒரு பக்கத்துக்கு மட்டும் ஓடுகிறது என்பதுதான் எனக்குத் தாங்கவில்லை. ஊழியர் ஒரு வருடத்துக்குள் வர வேண்டும். அவர் கொடுத்த ஆட்சேபணைக்கு அரசு எத்தனை வருடத்தில் பதில் சொல்ல வேண்டும், நீதிமன்றம் எத்தனை வருடத்தில் தீர்ப்பு சொல்ல வேண்டும், தீர்ப்பு வந்தபின் துறை எத்தனை வருடத்தில் அமல்படுத்த வேண்டும் என்று கேட்டால், காகிதத்தில் காலக்கெடு இருந்தாலும் நடைமுறையில் ஒன்றும் இல்லை. ஊழியருக்கோ 60 என்ற ஓய்வு வயது மட்டும் அசையாமல் நிற்கிறது.

பதவி உயர்வு வழக்குகளில் பெரும்பாலானவை ஒரே ஒரு ஆவணத்திலிருந்து பிறக்கின்றன. முதுநிலைப் பட்டியல், நாம் வாயால் சொல்வது சீனியாரிட்டி லிஸ்ட். அந்தப் பட்டியலைக் கையில் எடுத்துப் பார்த்தவர்களுக்குத் தெரியும்: வரிசை எண், பெயர், பிறந்த தேதி, பணியில் சேர்ந்த நாள், தகுதிகாண் பருவம் முடித்த நாள், துறைத் தேர்வு தேர்ச்சி பெற்ற நாள், கடைசியில் குறிப்பு என்று ஒரு காலி கட்டம். தேர்வில் எத்தனையாவது இடம் என்று தேர்வாணையம் கொடுத்த தர எண்ணுக்கு ஒரு கட்டம் இருக்க வேண்டும். நான் பார்த்த பல பட்டியல்களில் அந்தக் கட்டமே இருக்காது, அல்லது இருக்கும், பாதிப் பேருக்கு நிரப்பப்பட்டிருக்காது. அதைப் போட்டால்தானே யார் முன்னே யார் பின்னே என்று தெரியும்? இல்லாதபோது பிரிவு உதவியாளர் என்ன செய்வார், பணியில் சேர்ந்த நாளைப் பார்த்து வரிசைப்படுத்திவிடுவார். முன்னணித் தரத்தில் தேர்வான ஒருவருக்கு நியமன ஆணை தபாலில் தாமதமாக வந்து பத்து நாள் பிந்திச் சேர்ந்திருப்பார், அவருக்குக் கீழே இருந்தவர் சொந்த மாவட்டத்திலேயே இடம் கிடைத்து மறுநாளே சேர்ந்திருப்பார். அந்தப் பத்து நாள், இருபது வருடம் கழித்து ஒருவரை மாவட்ட அலுவலராகவும் இன்னொருவரைக் கண்காணிப்பாளராகவும் ஓய்வுபெற வைத்துவிடும்.

விதி என்னவோ தெளிவாகத்தான் இருந்தது. தமிழ்நாடு மாநில, சார்நிலைப் பணி விதிகளில் பொதுவிதி 35(அ), தேர்வாணையம் தயாரித்த பட்டியலில் ஒருவர் பெற்ற தர வரிசைதான் அவருடைய முதுநிலை என்று சொன்னது. ஆனால் கூடவே, இடஒதுக்கீட்டு விதி பொருந்தும் இடத்தில் அதற்கு உட்பட்டு என்று ஒரு சின்ன வாசகமும் ஒட்டிக்கொண்டிருந்தது. அதைப் பிடித்துக்கொண்டு துறைகள், எந்த இடம் எந்தப் பிரிவுக்கு என்று சொல்லும் இனச்சுழற்சி வரிசையையே முதுநிலை வரிசையாகவும் வைத்துக்கொண்டன.

அதனால் என்ன ஆனது என்பதை ஒரு கணக்காகப் பார்த்துவிடலாம். தமிழ்நாட்டில் 69 சதவீதம் இடஒதுக்கீடு, மீதி 31 சதவீதம் பொதுப்பிரிவு. அதாவது சுழற்சியில் 100 இடங்கள் இருந்தால் 31 பொதுப்பிரிவுக்கு. இப்போது மாநில அளவில் 20-ஆம் தரம் பெற்ற ஒரு பிற்படுத்தப்பட்ட வகுப்புப் பெண்ணை எடுத்துக்கொள்ளுங்கள். நல்ல மதிப்பெண் வாங்கியதால் அவர் பொதுப்பிரிவிலேயே வந்துவிடுகிறார். பொதுப்பிரிவின் 20-ஆவது ஆளுக்கு சுழற்சியில் ஏறத்தாழ 65-ஆவது இடம் வரும். 150-ஆம் தரத்தில் இருப்பவர் தன் பிரிவின் முதல் ஆளாக இருந்தால் சுழற்சியின் தொடக்கத்திலேயே இடம் பெற்றுவிடுவார். பட்டியலில் முதலில் நிற்பது 150, அறுபது பேருக்குப் பின்னால் நிற்பது 20. இடஒதுக்கீட்டுப் பிரிவில் பிறந்து, இடஒதுக்கீட்டைத் தொடாமலேயே வேலை வாங்கிய அந்தப் பெண்ணும் இதில் பின்னுக்குப் போகிறார் என்பதைக் கவனியுங்கள். இதை இடஒதுக்கீட்டுக்கு ஆதரவு எதிர்ப்பு என்று பார்ப்பவர்கள் விஷயத்தைப் புரிந்துகொள்ளவில்லை என்றுதான் சொல்வேன். யாருக்கு வேலை கிடைக்க வேண்டும் என்பதற்குத்தான் சுழற்சி. அந்த வேலையை அது சரியாகச் செய்கிறது, செய்யவும் வேண்டும். உள்ளே வந்த பிறகு யார் சீனியர் என்பதற்கு அது உருவாக்கப்பட்டதே இல்லை. சுழற்சி வரிசை முதுநிலை ஆகாது என்று பிம்லேஷ் தன்வர் எதிர் ஹரியானா அரசு வழக்கில் 2003-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

2003-இல் தெரிந்துவிட்டது. சரி, தமிழ்நாட்டில் அதற்கப்புறம் நடந்ததை வரிசையாகச் சொல்கிறேன்.

உதவிப் பொறியாளர்கள் சிலர் தர வரிசைப்படி முதுநிலை வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் போனார்கள். 2015 மார்ச்சில் இரு நீதிபதிகள் அமர்வு அவர்கள் பக்கம் தீர்ப்பளித்தது. எதிர்த்து மேல்முறையீட்டு அனுமதி கேட்டவர்களின் மனுக்களை 2016 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. அத்தோடு பட்டியலைத் திருத்தியிருக்க வேண்டும். அரசு அதே 2016-இல் தமிழ்நாடு அரசுப் பணியாளர்கள் பணி நிபந்தனைகள் சட்டம் என்று ஒரு சட்டம் கொண்டுவந்து, சுழற்சி வரிசைப்படியான முதுநிலையைப் பின்தேதியிட்டுக் காப்பாற்றிக்கொண்டது. அந்தச் சட்டத்தின் 1(2), 40, 70 ஆகிய பிரிவுகள் செல்லாது என்று 2019 நவம்பரில் உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. அப்போதும் முழுதாகத் திருந்தவில்லை. கடைசியில் செந்தூர் எதிர் விஜயகுமார் என்ற அவமதிப்பு வழக்கில், 2021 அக்டோபர் 1-ஆம் தேதி உச்ச நீதிமன்ற நீதிபதிகள் எல்.நாகேஸ்வர ராவ், பி.ஆர்.கவாய் அமர்வு, நீதிமன்ற அவமதிப்பு நடந்திருக்கிறது என்று தீர்மானித்து, தர வரிசைப்படி 12 வாரத்தில் பட்டியலைத் திருத்தச் சொன்னது.

2003-க்கும் 2021-க்கும் நடுவில் 18 வருடம். இந்தப் 18 வருடத்தில் எத்தனை பேனல், அதாவது பதவி உயர்வுக்குத் தகுதியானவர்கள் பட்டியல், போட்டிருப்பார்கள், எத்தனை பேர் உதவிச் செயற்பொறியாளர் ஆகி, செயற்பொறியாளர் ஆகி, ஓய்வும் பெற்றிருப்பார்கள்? இவர்கள் எல்லோரும் தவறான பட்டியலின் பேரில் உயர்ந்தவர்கள், ஆனால் ஒருவரும் தவறு செய்தவர் இல்லை. துறை கொடுத்தது, வாங்கிக்கொண்டார்கள். திருத்தம் வரும்போது கீழே இறங்குவதும் இவர்கள்தான். சட்டம் எழுதியவருக்கோ, திருத்தாமல் கோப்பை உட்காரவைத்தவருக்கோ ஒன்றும் ஆவதில்லை. எனக்கு இதில் வரும் கோபம் இன்னும் அடங்கவில்லை.

ஒரு விஷயம் பலருக்குக் குழப்பமாக இருக்கிறது. பதவி உயர்வு அடிப்படை உரிமையா? இல்லை. பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவது அடிப்படை உரிமை, அரசியலமைப்பின் 16(1)-இன் கீழ். அஜித் சிங் வழக்கில் 1999-இல் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதை அழுத்தமாகவே சொன்னது. கேட்க ஒன்று போல் இருந்தாலும் நடைமுறையில் வித்தியாசம் பெரிது. நான் தகுதியானவன், எனக்குப் பதவி கொடு என்று கேட்டால் நீதிமன்றம் பெரும்பாலும் கொடுக்காது. என் பெயரைப் பரிசீலனைக்கே எடுக்கவில்லை, அல்லது எடுக்கக் கூடாத ஒன்றை வைத்துத் தள்ளிவிட்டார்கள் என்றால் கேட்கும். வழக்குப் போடும்போது கோரிக்கையை எப்படி எழுதுகிறோம் என்பதிலேயே பாதி வழக்கு முடிந்துவிடுகிறது.

எடுக்கக் கூடாத ஒன்று என்றேனே, அதில் முக்கியமானது 17(பி), பெரிய தண்டனை வரக்கூடிய ஒழுங்கு நடவடிக்கைக்கான விதி. பேனல் தயாராகும் பருவம் வந்தாலே அலுவலகத்தில் மெமோக்கள் பறக்க ஆரம்பிக்கும். நான்கு வருடத்துக்கு முந்தைய தணிக்கைத் தடை ஒன்று திடீரென்று உயிர்பெறும். குற்றச்சாட்டுக் குறிப்பாணை நிலுவையில் இருந்தால் பெயர் பேனலில் வராது, அவ்வளவுதான். இதில் ஊழியருக்குப் பெரிய துணை 1991-இன் ஜானகிராமன் தீர்ப்பு. குற்றச்சாட்டுக் குறிப்பாணையோ குற்றப்பத்திரிகையோ வழங்கப்பட்ட பிறகுதான் நடவடிக்கை தொடங்கியதாக அர்த்தம், விசாரணை நடக்கிறது, புகார் வந்திருக்கிறது என்பதையெல்லாம் காட்டிப் பதவி உயர்வை நிறுத்த முடியாது என்றது அந்தத் தீர்ப்பு. மத்திய அரசுப் பணிகளில் குழுவின் முடிவை உறையில் போட்டு மூடி முத்திரை வைக்கும் வழக்கத்தை ஒட்டி வந்த தீர்ப்பு அது. நம் ஊர் அலுவலகங்களிலும் அதைக் காட்டித்தான் வாதாடுவார்கள்.

மேலதிகாரி வருடந்தோறும் எழுதும் மந்தண அறிக்கையும் அப்படித்தான். எல்லைச் சாலைப் பொறியாளர் பணியில் இருந்த தேவ் தத் என்பவருக்கு ஒரே ஒரு வருடத்தில் 'நன்று' என்று எழுதியிருந்தார்கள். பதவி உயர்வுக்குத் தேவைப்பட்டதோ ஐந்து வருடமும் 'மிக நன்று'. திட்டி எழுதவில்லையே, அதை ஏன் அவருக்குத் தெரிவிக்க வேண்டும் என்பது அரசின் வாதம். அந்த 'நன்று'தானே அவரை விழ வைத்தது, அப்படியானால் அவருக்கு அது பாதகமான குறிப்புதான், தெரிவித்தே ஆக வேண்டும் என்று 2008-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதற்கு முன்னால் தன்னைப் பற்றி மேலதிகாரி என்ன எழுதினார் என்று தெரியாமலேயே எத்தனை பேர் ஓய்வுபெற்றுப் போயிருப்பார்கள்.

இடஒதுக்கீடும் பதவி உயர்வும் சேர்ந்த வழக்குகள் தனி உலகம். அதன் வேரும் நம் ஊரில்தான் இருக்கிறது. தெற்கு ரயில்வே பொது மேலாளர் எதிர் ரங்காச்சாரி, சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன வழக்கு. பதவி உயர்விலும் பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் ஒதுக்கீடு தரலாம் என்று 1961-இல் மூன்றுக்கு இரண்டு என்ற பெரும்பான்மையில் முடிவானது. 1992-இல் மண்டல் வழக்கில் அது மாறியது, 1995-இல் 77-ஆவது திருத்தம் வந்தது, 2001-இல் 85-ஆவது திருத்தம், 2006-இல் நாகராஜ், 2018-இலும் 2022-இலும் ஜர்னைல் சிங் என்று இன்றுவரை போய்க்கொண்டிருக்கிறது. அதற்குத் தனிக் கட்டுரை வேண்டும், இங்கே விட்டுவிடுகிறேன்.

வழக்கு மன்றத்தில் என்ன நடக்கிறது என்பதைவிட அலுவலகத்தில் என்ன நடக்கிறது என்பது எனக்கு நெருக்கமாகத் தெரியும். யாருடைய பதவி பாதிக்கப்படுமோ அவரைச் சேர்க்காமல் வழக்கு நடத்த முடியாது என்பது சட்டம், சரியான சட்டமும்கூட. ஆகவே ஒரே அறையில் இரண்டு மேசை தள்ளி உட்கார்ந்திருப்பவர் ஒருநாள் ஐந்தாம் எதிர்மனுதாரர் ஆகிவிடுகிறார். எங்கள் அலுவலகத்தில் அப்படி ஒரு நோட்டீஸ் வந்தபோது, அதை வாங்கிய அம்மா வழக்குப் போட்டவரிடம் நேராகப் போய், "ஏண்ணே, உங்க பொண்ணு கல்யாணத்துல பந்தியில நின்னு பரிமாறுனவ நானு, என் பேர கோர்ட்ல போட்டுருக்கீங்களே" என்று கேட்டார். அவர், "உம்மேல ஒண்ணும் இல்லம்மா, வக்கீல் உங்க பேரு இல்லாட்டி கேஸ் நிக்காதுன்னுட்டாரு" என்றார். இரண்டு பேர் சொன்னதும் உண்மை. அதற்கப்புறம் இருவரும் மதியச் சாப்பாட்டுக்கு ஒன்றாக உட்காரவில்லை.

அந்த அண்ணனுக்குத் தீர்ப்பு சாதகமாகவே வந்தது, அவர் ஓய்வுபெற்ற பிறகு. கிடைத்தது கருத்தளவிலான பதவி உயர்வு. அதாவது உரிய தேதியில் பதவி உயர்ந்ததாகக் காகிதத்தில் வைத்துக்கொண்டு சம்பளத்தை மறுநிர்ணயம் செய்து ஓய்வூதியத்தை அதன்படி மாற்றுவார்கள், நடுவில் உள்ள வருடங்களுக்கான நிலுவைத் தொகை கிடையாது. அந்தப் பதவியில் வேலை பார்க்கவில்லையே, வேலை இல்லை என்றால் கூலி இல்லை என்பது துறையின் பதில். வேலை பார்க்கத் தயாராக இருந்தவரைத் தடுத்து வைத்தது துறை, அப்புறம் வேலை பார்க்கவில்லை என்று சொல்வதும் துறை. ஜானகிராமன் தீர்ப்பிலேயே, ஊழியர் தயாராக இருந்தும் அவருடைய தவறு ஏதும் இல்லாமல் ஒதுக்கி வைக்கப்பட்டிருந்தால் அந்தக் கொள்கை அப்படியே பொருந்தாது என்று இருக்கிறது. பாஸ்கரன் பிள்ளை என்ற கேரள வழக்கில் 2007-இல், நிலுவை தருவதா இல்லையா என்பதற்கு இறுகிய விதி கிடையாது, ஒவ்வொரு வழக்கின் உண்மைகளைப் பார்த்து முடிவு செய்ய வேண்டும் என்றார்கள். ஆனாலும் பத்தில் ஒன்பது உத்தரவுகளில் துறை எழுதுவது கருத்தளவில் என்ற ஒரே சொல்தான். பணத்தைக்கூட விடுங்கள், அந்த நாற்காலியில் உட்கார்ந்து கையெழுத்துப் போடும் வருடங்களை யார் திருப்பித் தருவார்கள்?

இப்போது ஆசிரியர்கள் இதே பாதையில் நிற்கிறார்கள். கல்வி உரிமைச் சட்டம் 2010 ஏப்ரலில் அமலுக்கு வந்து, டெட் தகுதித் தேர்வு வந்தபோது, ஏற்கெனவே பணியில் இருப்பவர்களின் பதவி உயர்வுக்கு அது வேண்டுமா வேண்டாமா என்பதை அன்றே தீர்த்திருக்கலாம். 2023 ஜூன் 2-ஆம் தேதி உயர் நீதிமன்றம், 2011 ஜூலை 29-க்கு முன் சேர்ந்தவர்கள் பணியில் தொடரலாம், பதவி உயர்வுக்கு டெட் கட்டாயம் என்றது. அதே ஆண்டு டிசம்பரில் அரசாணை 243 வந்து, தொடக்கக் கல்வியில் ஊராட்சி ஒன்றிய அளவில் இருந்த முதுநிலையை மாநில அளவுக்கு மாற்றியது. சொந்த ஒன்றியத்திலேயே தலைமையாசிரியராகலாம் என்று இருந்தவர்கள் தெருவில் இறங்கிப் போராடினார்கள். 2025 செப்டம்பர் 1-இல் உச்ச நீதிமன்றம் இன்னும் ஒரு படி போய், ஓய்வுக்கு ஐந்து வருடத்துக்கு மேல் இருப்பவர்கள் இரண்டு வருடத்தில் டெட் தேர்ச்சி பெற வேண்டும், ஐந்து வருடத்துக்குள் இருப்பவர்கள் பணியில் தொடரலாம், ஆனால் டெட் இல்லாமல் பதவி உயர்வு இல்லை என்றது. 25 வருடம் பாடம் நடத்திய ஒருவர், தன் மாணவர்களோடு சேர்ந்து தேர்வு அறையில் உட்காரும் நிலை. தரம் வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. 2010-இல் 35 வயதில் இருந்தவரிடம் கேட்டிருந்தால் எழுதித் தேறியிருப்பார். 50 வயதில் கேட்கிறார்கள்.

ஒரு காலத்தில் மாநில ஊழியர்களுக்கென்று தனி நிர்வாகத் தீர்ப்பாயம் இங்கே இருந்தது, பிறகு மூடிவிட்டார்கள். மத்திய அரசு ஊழியர்களுக்குச் சென்னையில் சி.ஏ.டி. எனும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் அமர்வு இருக்கிறது, மாநில ஊழியருக்கு உயர் நீதிமன்றம்தான். மற்ற எல்லா ரிட் மனுக்களோடும் வரிசையில் நிற்க வேண்டியதுதான். என்னைக் கேட்டால் தீர்ப்பாயம் மறுபடி வருவதைவிட முக்கியமானது, முதுநிலைப் பட்டியலை வருடம் தவறாமல் வெளியிட்டு, வந்த ஒவ்வொரு ஆட்சேபணைக்கும் காரணம் எழுதிய உத்தரவை 90 நாளில் கொடுப்பது. கொடுக்காத அதிகாரியின் பெயர் கோப்பில் ஏற வேண்டும். ஊழியரின் தாமதத்தைக் கவுண்டரின் முதல் பத்தியில் எழுதத் தெரிந்த அலுவலகத்துக்கு இதுவும் செய்ய முடியும்.

அதுவரைக்கும் பணியில் இருக்கும் தம்பி தங்கைகளுக்கு நான் சொல்வது இதுதான். வரைவுப் பட்டியல் சுற்றுக்கு வந்தால் 'பார்த்தேன்' என்று கையெழுத்துப் போடுவதற்கு முன் உங்கள் தர எண்ணையும், உங்களுக்கு மேலே உள்ள பத்துப் பேரின் தர எண்ணையும் ஒப்பிட்டுப் பாருங்கள். தேர்வாணையப் பட்டியலின் நகல் கையில் இல்லை என்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் வாங்குங்கள். ஆட்சேபணையை வாயால் சொல்லாதீர்கள், "கண்காணிப்பாளர் சார் பார்த்துக்கறேன்னாரு" என்று நம்பி உட்காராதீர்கள். எழுதிக் கொடுத்து, இரண்டாவது பிரதியில் தபால் பிரிவின் தேதி முத்திரையை வாங்கிக்கொள்ளுங்கள். பதில் வரவில்லை என்று நினைவூட்டு மேல் நினைவூட்டு அனுப்பிக்கொண்டே இருந்தால் காலம் நிற்காது. நீதிமன்றம் நினைவூட்டுகளைக் கணக்கில் எடுப்பதில்லை. ஜூனியரின் பதவி உயர்வு ஆணை வெளியான தேதியிலிருந்து எண்ணுங்கள், ஆறாவது மாதத்துக்குள் வக்கீலிடம் போய்விடுங்கள். போகும்போது உங்கள் பணிப் பதிவேட்டின் நகலையும் எடுத்துக்கொண்டு போங்கள், அதில் தகுதிகாண் பருவம் முடித்த பதிவு இருக்கிறதா என்று அதற்கு முன்பே பார்த்துவிடுங்கள்.